எல்லைக்கு அப்பால் ஒரு பகல்: வாசகர் கேள்வி – பதில்

குரோஷியாவின் துப்ரோவ்னிக் நகர மதில்களைப் பற்றிச் சென்ற இதழில் எழுதியிருந்தேன். அதற்குப் பிறகு வந்த கடிதங்களில் பெரும்பாலானவை மதிலை விட்டுவிட்டு வேறொன்றைக் கேட்டன. அங்கே தங்கும் நாள்களில் ஒன்றை எடுத்து, வழிகாட்டியுடன் செல்லும் சுற்றுலாப் பேருந்தில் பக்கத்து நாட்டையும் பார்த்துவிட்டு இரவுக்குள் விடுதிக்குத் திரும்ப முடியுமா என்பதே அந்தக் கேள்வி. வேறு பால்கன் நாடுகளிலிருந்து அதையே கேட்டவர்களும் உண்டு. ஒத்த கேள்விகளைச் சேர்த்து இங்கே பதில் எழுதுகிறேன்.

கேள்வி: நானும் என் கணவரும் துப்ரோவ்னிக்கில் நான்கு நாள் தங்குகிறோம். வெளியே செல்ல ஒரு நாள்தான் ஒதுக்க முடியும். மாண்டினெக்ரோவுக்குப் போவதா, போஸ்னியாவுக்குப் போவதா?

பதில்: தூரத்தை மட்டும் பார்த்தால் மாண்டினெக்ரோதான். துப்ரோவ்னிக்கிலிருந்து அந்நாட்டின் கோட்டோர் நகரம் ஏறத்தாழ 90 கிலோமீட்டர். போஸ்னியா ஹெர்ஸகோவினாவின் மொஸ்தார் நகரம் ஏறத்தாழ 140 கிலோமீட்டர். எனினும் என்னைக் கேட்டால், ஒரே ஒரு நாள் உள்ளவர்கள் மொஸ்தாருக்குப் போகலாம் என்பேன். மூன்று நாள் துப்ரோவ்னிக்கின் மதிலையும் மணிக்கூண்டையும் கல் பாவிய தெருக்களையும் பார்த்தவருக்குக் கோட்டோரின் பழைய நகரம் அதே குடும்பத்தைச் சேர்ந்த இன்னொரு முகமாகவே தோன்றும். துப்ரோவ்னிக் தனிக் குடியரசாக இருந்த நூற்றாண்டுகளில் கோட்டோர் 1420 முதல் 1797 வரை வெனிஸ் குடியரசின் ஆட்சியில் இருந்தது என்பது உண்மைதான். ஆனாலும் கல்லும் கட்டுமானமும் ஏறக்குறைய ஒன்றே. மொஸ்தாரில் பேருந்தை விட்டு இறங்கியதும் காட்சியே மாறிவிடுகிறது. மசூதிக் கோபுரங்களும், செம்புத் தகட்டில் சுத்தியலால் பூ வேலை செய்யும் கடைகளும், பச்சை நிறத்தில் ஓடும் நெரெத்வா ஆறும், அதன் மேல் ஒற்றை வளைவாக எழும் பழைய பாலமும் உங்களை ஒட்டோமான் உலகத்தின் ஓரத்தில் கொண்டுபோய் நிறுத்துகின்றன.

ஆனால் உங்கள் விருப்பம் மலையும் கடலும் என்றால் பேச்சே இல்லை, கோட்டோர் வளைகுடாதான். நிலத்துக்குள் நெடுந்தூரம் வளைந்து புகுந்த கடலையும், அதன் கரையிலிருந்து செங்குத்தாக எழும் சாம்பல் நிற மலைகளையும் பேருந்தின் சன்னலிலிருந்து பார்ப்பதற்கே அந்தப் பயணம் தகும். வளைகுடாவின் ஓரமாகச் சுற்றிச் செல்லும்போது சன்னலோர இருக்கை எந்தப் பக்கம் என்று முன்பே கேட்டு வையுங்கள். துப்ரோவ்னிக்கிலிருந்து போகும்போது வலப்பக்கம் அமர்பவர்களுக்கு நீர் தெரியும். திரும்பும்போது பல பேருந்துகள் லெபெத்தானேவிலிருந்து கமெனாரிக்குச் செல்லும் படகில் ஏறி வளைகுடாவின் குறுகிய இடத்தைப் பத்து நிமிடத்தில் கடந்துவிடுகின்றன.

எந்த நாட்டைத் தேர்ந்தாலும், பணம் கட்டுவதற்கு முன் விளம்பரத் தாளில் உள்ள இடங்களை எண்ணிப் பாருங்கள். மாண்டினெக்ரோ பயணத்தில் பெராஸ்ட், கோட்டோர், புத்வா, ஸ்வேதி ஸ்டெஃபான் என்று நான்கு பெயர்கள் ஒரே நாளில் இருந்தால், கடைசி இடம் பெரும்பாலும் சாலையோரத்தில் பத்து நிமிடம் நின்று படம் எடுப்பதாகத்தான் இருக்கும். பெராஸ்டும் கோட்டோரும் மட்டும் உள்ள பயணம் விலை சற்றுக் கூடுதலாக இருந்தாலும் அதையே எடுங்கள். பெராஸ்டில் படகேறித் தீவுக் கோயிலுக்குச் செல்லும் நேரம் அதில் சேர்ந்திருக்கிறதா என்பதையும் உறுதி செய்யுங்கள்.

அந்தத் தீவு இயற்கையாக உண்டானதன்று. 1452-ஆம் ஆண்டு பாறையொன்றின் மேல் அன்னை மரியாவின் ஓவியத்தை மீனவர்கள் கண்டெடுத்தனர் என்றும், ஒவ்வொரு பயணம் முடிந்து திரும்பும்போதும் மாலுமிகள் அங்கே ஒரு கல்லைப் போட்டுப் போட்டுத் தீவையே உருவாக்கினர் என்றும் ஊரார் சொல்கின்றனர். இன்றும் ஆண்டுதோறும் ஜூலை 22 அன்று மாலையில் படகுகள் வரிசையாகச் சென்று கல் போடுகின்றன. கோயிலை ஒட்டிய சிறு அருங்காட்சியகத்தில் ஒரு பூத்தையல் படம் இருக்கிறது. கடலுக்குப் போனவனுக்காகக் காத்திருந்த ஒரு பெண் 25 ஆண்டுகள் அதைத் தைத்தாள் என்றும், பட்டு நூலுடன் தன் தலைமுடியையும் சேர்த்துத் தைத்தாள் என்றும் வழிகாட்டி சொல்வார். சொன்னதும் நகர்ந்துவிடாதீர்கள். படத்திலுள்ள குழந்தைத் தேவதைகளின் தலைகளை ஒவ்வொன்றாகப் பாருங்கள். ஒன்றின் முடி கறுப்பு, இன்னொன்றினது நரை, வேறொன்றினது வெள்ளை.

கேள்வி: எங்களிடம் உள்ள ஷெங்கன் விசா ஒருமுறை நுழைவதற்கானது. ஒரு பகல் மட்டும் மாண்டினெக்ரோ சென்று வந்தால் யார் கேட்கப் போகிறார்கள் என்று நண்பர் சொல்கிறார். போகலாமா?

பதில்: போகக் கூடாது. நண்பரிடமும் சொல்லிவிடுங்கள். ஒரே விசாவில் சென்று வரத்தக்க ஐரோப்பிய நாடுகளின் கூட்டான ஷெங்கன் பகுதியில் குரோஷியா 2023 ஜனவரி 1 முதல் இருக்கிறது. மாண்டினெக்ரோவும் போஸ்னியாவும் அதில் இல்லை. ஆகவே நீங்கள் கடப்பது இரு நாடுகளுக்கு இடையிலான எல்லை மட்டுமன்று, ஷெங்கன் பகுதியின் வெளி எல்லையும்கூட. வெளியே போகிறவர்களை அங்கே யாரும் தடுக்கப் போவதில்லை. மாண்டினெக்ரோ உங்களை உள்ளே விடவும் கூடும். மாலையில் திரும்பும்போதுதான் சிக்கல். காலையில் வெளியேறியபோதே உங்கள் விசாவின் ஒரே நுழைவு தீர்ந்துவிட்டது. பெட்டிகள் துப்ரோவ்னிக் விடுதியில் இருக்கும். நீங்கள் எல்லைச் சாவடியில் நிற்பீர்கள். பேருந்து மற்றவர்களை ஏற்றிக்கொண்டு போய்விடும்.

விசா ஒட்டுத்தாளில் நுழைவுகளின் எண்ணிக்கை என்ற கட்டத்தைப் பாருங்கள். 01 என்றிருந்தால் இந்தப் பயணம் உங்களுக்கில்லை. 'மல்ட்' என்ற சுருக்கம் இருந்தால் பலமுறை சென்று வரலாம். 02 என்றிருப்பவர்கள் ஒருமுறை வெளியே போய்த் திரும்ப முடியும். ஆனால் போகும் நாடு அவர்களை ஏற்கிறதா என்பது தனிக் கேள்வி. செல்லத்தக்க ஷெங்கன் விசா உள்ள இந்தியர்கள் தனி விசா இல்லாமல் குறுகிய காலம் வருவதற்கு மாண்டினெக்ரோ இடமளிக்கிறது. போஸ்னியா அதையே பலமுறை நுழையும் விசா உள்ளவர்களுக்கு அளிக்கிறது. இத்தகைய சலுகைகளை ஒவ்வொரு நாடும் தானாகவே மாற்றிக்கொள்ளும் என்பதால், புறப்படுவதற்கு முந்தைய வாரம் அந்தந்த நாட்டு வெளியுறவு அமைச்சகத்தின் இணையதளத்தில் ஒருமுறை பார்த்துவிடுங்கள். சுற்றுலா விற்கும் கடைக்காரர் சொல்வதை நம்ப வேண்டாம். அவரிடம் வருவோரில் பெரும்பாலோர் ஐரோப்பியர்கள். நம்முடைய விசா விவரம் அவருக்குத் தெரிய வேண்டிய அவசியமே வந்திருக்காது.

இன்னும் இரண்டு செய்திகள். விசாவுக்காக எடுத்த பயணக் காப்பீடு ஷெங்கன் நாடுகளுக்கு மட்டுமே என்று எழுதப்பட்டிருந்தால், எல்லைக்கு அப்பால் கால் சுளுக்கினாலும் அது உதவாது. மேலும், காலையில் போய் மாலையில் திரும்பும் நாளும் எந்த 180 நாள்களிலும் 90 நாளுக்கு மேல் தங்கக் கூடாது என்ற கணக்கில் ஷெங்கனில் கழித்த நாளாகவே சேரும். நாளை மிச்சப்படுத்த இந்தப் பயணம் உதவாது.

கேள்வி: நாங்கள் எந்தப் பக்கத்து நாட்டுக்கும் போகவில்லை. ஸ்பிளிட் நகரிலிருந்து துப்ரோவ்னிக்குக்குப் பேருந்தில் செல்கிறோம், அவ்வளவுதான். ஒருமுறை நுழையும் விசா போதுமல்லவா?

பதில்: பேருந்து எந்த வழியாகச் செல்கிறது என்று கேட்டுவிட்டு ஏறுங்கள். போஸ்னியாவுக்கு நெயும் என்ற ஊரை ஒட்டி 20 கிலோமீட்டர் அளவில் ஒரு கடற்கரை உண்டு. அது குரோஷியாவின் கரையை இரண்டாக வெட்டுகிறது. இதன் வேர் 1699-ஆம் ஆண்டின் கார்லோவிட்ஸ் உடன்படிக்கையில் இருக்கிறது. வெனிஸ் தன் எல்லையில் வந்து நிற்பதை விரும்பாத துப்ரோவ்னிக் குடியரசு, இடையில் ஒரு துண்டு நிலத்தை ஒட்டோமான் பேரரசுக்கு விட்டுக் கொடுத்தது. அந்த அச்சத்தின் பயனாக முந்நூறு ஆண்டுகள் கழித்தும் கோடைக்காலப் பயணிகள் ஒரு மணி நேரத்துக்குள் இரண்டு எல்லைச் சாவடிகளைக் கடந்து கொண்டிருந்தனர். 2022 ஜூலை 26 அன்று பெல்யேஷாட்ஸ் பாலம் திறக்கப்பட்டதிலிருந்து குரோஷிய மண்ணை விட்டு இறங்காமலே துப்ரோவ்னிக் சேர முடிகிறது. பாலத்தின் நீளம் 2.4 கிலோமீட்டர். பாலத்தின் வழியாகச் செல்லும் பேருந்து என்றால் உங்கள் விசா போதும். நெயும் வழி என்றால் ஏறாதீர்கள்.

கேள்வி: எல்லையில் என்னதான் நடக்கும்? எவ்வளவு நேரம் ஆகும்? பேருந்தில் நாங்கள் மட்டுமே இந்தியர்களாக இருந்தால் தனியாக இறக்கி விசாரிப்பார்களா?

பதில்: ஒரு பகலில் நான்கு சோதனைகள் என்று கணக்கு வைத்துக்கொள்ளுங்கள்: குரோஷியாவிலிருந்து வெளியேற, அந்த நாட்டில் நுழைய, அங்கிருந்து வெளியேற, மறுபடி குரோஷியாவில் நுழைய. சில நேரம் காவலர் பேருந்துக்குள் ஏறிப் பாஸ்போர்ட்டுகளைச் சேகரித்துச் செல்வார். சில நேரம் எல்லோரும் இறங்கிச் சாளரத்தின் முன் வரிசையில் நிற்க வேண்டும். மே மாதத்திலோ அக்டோபரிலோ ஒவ்வொரு எல்லையும் அரை மணியில் முடியலாம். ஜூலை, ஆகஸ்ட் மாதங்களில் துப்ரோவ்னிக்குக்கும் மாண்டினெக்ரோவுக்கும் இடையிலுள்ள கரசோவிச்சி – தெபெலி பிரியெக் சாவடியில் இரண்டு மணி நேரம் நின்றாலும் வியக்க வேண்டாம். அருகில் விதால்யினா வழியாக இன்னொரு சிறிய சாவடி இருக்கிறது. நெரிசலைப் பார்த்து ஓட்டுநர்கள் அந்தப் பக்கம் திருப்புவதும் உண்டு.

ஐரோப்பிய ஒன்றியத்தின் புதிய நுழைவு – வெளியேற்றப் பதிவு முறை 2025 அக்டோபர் 12 அன்று தொடங்கிப் படிப்படியாக நடைமுறைக்கு வந்தது. பாஸ்போர்ட்டில் முத்திரை குத்துவதற்குப் பதிலாக முகப்படமும் கைரேகையும் கணினியில் பதிவாகின்றன. 12 வயதுக்கு உட்பட்ட பிள்ளைகளுக்குக் கைரேகை எடுப்பதில்லை. ஐரோப்பியர் அல்லாத எல்லோருக்கும் இது பொருந்தும் என்பதால் நம்மை மட்டும் தனியாக இறக்கினார்கள் என்று மனம் குன்ற வேண்டியதில்லை.

ஆயினும் உங்கள் கேள்வியின் பின்னாலுள்ள உணர்வு எனக்குப் புரிகிறது. நான் முதன்முறை சென்றபோது, ஐரோப்பியர்களின் அடையாள அட்டைகள் ஐந்து நிமிடத்தில் திரும்பி வந்துவிட்டன. என் நீல நிறப் பாஸ்போர்ட் மட்டும் உள்ளே இருந்தது. இயந்திரத்தை நிறுத்திய பேருந்தில் நாற்பது பேர் சாளரத்தையும் என்னையும் மாறி மாறிப் பார்த்துக் கொண்டிருந்தனர். பதினைந்து நிமிடம் கழித்துக் காவலர் வெளியே வந்து, விசாத் தாளில் ஒரு கட்டத்தின் மேல் விரலை வைத்து ஏதோ சொல்ல, எங்கள் வழிகாட்டி தலையை ஆட்ட, பாஸ்போர்ட் என் கைக்கு வந்தது. விசாரணை எதுவும் இல்லை. அரிதாகப் பார்க்கும் தாளை அவர் நிதானமாகப் படித்திருக்கிறார், அவ்வளவே. அதற்குப் பிறகு, பேருந்தில் ஏறும்போதே விசா உள்ள பக்கத்தில் ஒரு காகிதத் துண்டைச் செருகி வழிகாட்டியிடம் காட்டிவிடுவது என் வழக்கம். விடுதி முன்பதிவின் அச்சுப் பிரதியும் திரும்பிச் செல்லும் விமானச் சீட்டின் பிரதியும் கைப்பையில் இருக்கட்டும். அதே நாள் மாலையில் விமானம் இருந்தால் இந்தப் பயணத்தை நினைக்கவே வேண்டாம்.

கேள்வி: சுற்றுலாப் பேருந்துக்குப் பதில் வாடகைக் காரில் சென்றால் நேரம் மிச்சமாகுமே?

பதில்: எல்லையில் மிச்சமாகாது, கார்களும் அதே வரிசையில்தான் நிற்கின்றன. வாடகை நிறுவனத்திடம் வேற்று நாட்டுக்குள் செல்ல முன்கூட்டியே அனுமதி பெற்று, எல்லைக்கு அப்பாலும் செல்லும் காப்பீடு இருக்கிறதா என்று உறுதி செய்திருக்க வேண்டும். பெரும்பாலும் தனிக் கட்டணம் உண்டு. பன்னாட்டு ஓட்டுநர் உரிமமும் கையில் இருக்க வேண்டும். இரண்டு மூன்று இரவுகள் தங்குவதாக இருந்தால் கார் நல்லது. ஒரே பகல் என்றால் வளைகுடாவின் குறுகிய சாலையில் எதிரே வரும் பேருந்துக்கு ஒதுங்குவதிலேயே உங்கள் கண் இருக்கும்; காட்சியைப் பின் இருக்கையில் இருப்பவர்கள்தான் பார்ப்பார்கள்.

கேள்வி: எந்தப் பணம் எடுத்துச் செல்வது?

பதில்: மாண்டினெக்ரோ ஐரோப்பிய ஒன்றியத்தில் இல்லாவிட்டாலும் 2002 முதல் யூரோவையே பயன்படுத்துகிறது; குரோஷியாவும் 2023 முதல் யூரோதான். ஆகவே அங்கே மாற்ற வேண்டியது எதுவுமில்லை. போஸ்னியாவின் பணம் மாற்றத்தக்க மார்க். ஒரு யூரோவுக்கு 1.95583 மார்க் என்று மதிப்பு நிலையாகக் கட்டப்பட்டிருக்கிறது. ஏறக்குறைய இரண்டு மார்க் ஒரு யூரோ என்று மனக்கணக்குப் போட்டால் போதும். மொஸ்தாரின் பழைய கடைத்தெருவில் யூரோ வாங்கிக்கொள்வார்கள். சில்லறை மார்க்காகத் திரும்பி வரும். நாட்டை விட்டு வெளியே வந்தபின் மார்க்கை மாற்றுவது கடினம் என்பதால் சிறிய யூரோ நோட்டுகளாக எடுத்துச் செல்லுங்கள். மீந்த நாணயங்களுக்குப் பேருந்து ஏறும் முன் ஒரு காப்பி குடித்துவிடலாம்.

கேள்வி: நாங்கள் சைவம், முட்டையும் உண்பதில்லை. பயணக் கட்டணத்தில் மதிய உணவு சேர்ந்திருக்கிறது என்கிறார்கள். நம்பலாமா?

பதில்: சேர்ந்த உணவை நம்பாதீர்கள். குழுவுக்கென்று தயாராகும் தட்டில் பெரும்பாலும் வாட்டிய இறைச்சிதான் வரும். இறைச்சி வேண்டாம் என்றால் அதையே எடுத்துவிட்டு மிச்சத்தைத் தருவார்கள். உணவு சேராத பயணத்தை எடுத்து, கிடைக்கும் ஒரு மணி நேரத்தில் ரொட்டிக் கடைக்குச் செல்வதே நல்லது.

போஸ்னியாவில் மெல்லிய மாவுத் தாள்களை அடுக்கிச் சுருட்டிச் சுடும் பண்டத்துக்குப் பொதுப்பெயர் பீட்டா. இங்கே ஒரு சொல் முக்கியம். அண்டை நாடுகளில் பாலாடைக்கட்டி வைத்ததையும் புரெக் என்பார்கள். போஸ்னியாவில் புரெக் என்றால் இறைச்சி வைத்தது மட்டுமே. பாலாடைக்கட்டி புரெக் கேட்டால் கடைக்காரர் சிரிப்பார் அல்லது பொறுமையாகத் திருத்துவார். பாலாடைக்கட்டி வைத்தது சிர்னிட்சா. கீரை வைத்தது ஸெல்யானிட்சா. உருளைக்கிழங்கு வைத்தது க்ரொம்பிருஷா. முட்டை உண்ணாத உங்களுக்குக் கடைசியில் சொன்னதே பாதுகாப்பானது. கீரையிலும் பாலாடைக்கட்டியிலும் முட்டை கலப்பவர்கள் உண்டு. சுட்ட சிவப்புக் குடைமிளகாயை அரைத்துச் செய்யும் ஆய்வார் என்ற துவையலைக் கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள். காரம் இராது, ஆனாலும் நம் நாக்குக்கு ஓர் ஆறுதல். பீன்ஸ் சூப் என்று எழுதியிருப்பதைப் பார்த்து ஏமாறாதீர்கள், அதில் புகையூட்டிய இறைச்சி கிடப்பது வழக்கம்.

மாண்டினெக்ரோவில் 'போஸ்னோ' என்ற சொல் உதவும். ஆர்த்தடாக்ஸ் கிறித்தவர்கள் நோன்பு நாள்களில் உண்ணும், இறைச்சியும் பாலும் முட்டையும் சேராத உணவை அது குறிக்கிறது. மீன் மட்டும் அதில் வரலாம் என்பதால் அதைத் தனியாகக் கேளுங்கள்.

கேள்வி: என் அம்மாவுக்கு 71 வயது. முழங்கால் வலி உண்டு. அவரை அழைத்துச் செல்லலாமா?

பதில்: கோட்டோருக்குத் தாராளமாக அழைத்துச் செல்லுங்கள். நகருக்கு மேலே உள்ள கோட்டைக்கு ஏறத்தாழ 1,350 படிகள் ஏற வேண்டும். அந்தப் பக்கமே போக வேண்டாம். கீழே மதிலுக்குள் தரை மட்டமாகவே இருக்கிறது. 1166-இல் திருநிலைப்படுத்தப்பட்ட புனித டிரிஃபோன் பேராலயத்தின் முன் உள்ள சதுக்கத்தில் அமர இடம் உண்டு. அங்கே பூனைகளுக்கும் பஞ்சமில்லை. 1979 ஏப்ரல் 15 நிலநடுக்கத்தில் இந்த நகரம் பெருஞ்சேதம் அடைந்து மீண்டது. அதே ஆண்டில்தான் யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியப் பட்டியலிலும் இடம்பெற்றது.

மொஸ்தார் அம்மாவுக்குச் சற்றுக் கடினம். பேருந்து நிற்கும் இடத்திலிருந்து பாலம் வரை உருண்டைக் கற்கள் பாவிய பாதை. பாலமோ நடுவில் உயர்ந்து இருபுறமும் சரிகிறது. காலூன்றுவதற்காகக் குறுக்கே கல் வரம்புகள் வைத்திருந்தாலும், பல ஆண்டுகளாகக் கால்கள் தேய்த்துத் தேய்த்துத் தளக்கல் சோப்பு தேய்த்ததுபோல் வழுக்குகிறது. மழை நாளில் இளைஞர்களே கைப்பிடிச் சுவரைப் பிடித்துக்கொண்டு நடப்பதைப் பார்த்திருக்கிறேன். பாலத்தை ஏறாமல், ஆற்றங்கரையில் அதைப் பார்த்தபடி அமரும் காப்பிக் கடை ஒன்றில் அவரை உட்கார வைக்கலாம். செம்புக் கெண்டியில் காப்பியும், பக்கத்தில் சின்னக் கிண்ணமும், ஒரு துண்டு ரஹாத் லோக்கும் இனிப்பும் வட்டத் தட்டில் வரும். கெண்டியிலிருந்து சிறிது சிறிதாக ஊற்றி, அடியிலுள்ள வண்டலைக் கலக்காமல் குடிக்க வேண்டும். அதைத் துருக்கிக் காப்பி என்று மட்டும் சொல்லாதீர்கள், போஸ்னியக் காப்பி.

கேள்வி: அங்கே நடந்த போரைப் பற்றி வழிகாட்டியிடம் கேட்கலாமா? கேட்டால் தவறாக எடுத்துக்கொள்வாரா?

பதில்: கேட்கலாம். கேட்காமல் வருவதுதான் எனக்குச் சங்கடமாகப் படுகிறது. குரோஷியாவும் போஸ்னியாவும் மாண்டினெக்ரோவும் சேர்ந்திருந்த யூகோஸ்லாவியா என்ற நாடு உடைந்தபோது மூண்ட போர் அது. ஆனால் நீங்கள் செல்லும் சாலையைப் பற்றிச் சிறிது தெரிந்துகொண்டு கேளுங்கள். துப்ரோவ்னிக்கிலிருந்து மாண்டினெக்ரோ செல்லும் வழியில் வரும் கோனவ்லே சமவெளியில், 1991 அக்டோபரில் எதிர்த்திசையிலிருந்து யூகோஸ்லாவியப் படை வந்தது; அதில் மாண்டினெக்ரோவைச் சேர்ந்தவர்களும் இருந்தனர். வீடுகள் எரிக்கப்பட்டன, துப்ரோவ்னிக் முற்றுகையிடப்பட்டது, அவ்வாண்டு டிசம்பர் 6 அன்று பழைய நகரத்தின் மேல் கடுமையாகக் குண்டுகள் விழுந்தன. 2000-ஆம் ஆண்டில் மாண்டினெக்ரோவின் அதிபராக இருந்த மிலோ ஜுகனோவிச் இதற்காகக் குரோஷியாவிடம் மன்னிப்புக் கேட்டார். இன்று அதே சாலையில் சுற்றுலாப் பேருந்துகள் வரிசையில் நிற்கின்றன. உங்கள் வழிகாட்டி ஐம்பது வயதைத் தாண்டியவர் என்றால் அந்த முற்றுகையை நிலவறையில் கழித்தவராக இருக்கலாம்.

மொஸ்தாரின் கதை இன்னும் சிக்கலானது. 1566-இல் கட்டி முடிக்கப்பட்ட பாலம் 427 ஆண்டுகள் நின்று, 1993 நவம்பர் 9 அன்று போஸ்னியாவில் வாழ்ந்த குரோஷியர்களின் படைப்பிரிவு நடத்திய பீரங்கித் தாக்குதலில் ஆற்றில் விழுந்தது. முதலில் சேர்ந்து நின்ற குரோஷியர்களும் போஸ்னிய முஸ்லிம்களும் பின்னர் ஒருவரோடொருவர் போரிட்ட காலம் அது. உள்ளூர்க் கல்லை வெட்டிப் பழைய முறையிலேயே மீண்டும் கட்டி, 2004 ஜூலை 23 அன்று பாலத்தைத் திறந்தனர். அதன் அருகில் ஒரு கல்லில் 93-ஐ மறக்காதீர்கள் என்று ஆங்கிலத்தில் எழுதியிருக்கிறது. படமெடுப்பவர்கள் அதைக் கவனிப்பதற்குள் பாலத்தின் மேல் நிற்கும் இளைஞர் 20 மீட்டருக்கு மேல் உயரத்திலிருந்து குதிக்கப் பணம் வசூலித்துக் கொண்டிருப்பார். எல்லாக் கண்களும் அங்கே போய்விடும்.

ஆகவே ஒன்றைக் கவனியுங்கள். துப்ரோவ்னிக்கிலிருந்து வரும் வழிகாட்டி பேருந்தில் சொல்லும் வரலாறும், மொஸ்தாரில் வந்து சேரும் உள்ளூர் வழிகாட்டி சொல்வதும் முழுவதும் ஒத்திருக்காது. இருவரையும் கேட்டுக்கொள்ளுங்கள், ஒருவர் சொன்னதை இன்னொருவரிடம் கொண்டுபோய்ச் சரிபார்க்காதீர்கள். நீங்கள் எந்தப் பக்கம் என்று கேட்பதைவிட, அப்போது நீங்கள் எங்கே இருந்தீர்கள் என்று கேட்பது நல்லது. விரும்பினால் சொல்வார். உங்கள் எல்லோருடைய மொழியும் ஒன்றுதானே என்ற பாராட்டையும் தவிர்த்துவிடுங்கள். ஒருவர் பேசுவது மற்றவருக்குப் புரியும் என்பது உண்மை. ஆனால் குரோஷியம், போஸ்னியம், மாண்டினெக்ரோ மொழி, செர்பியம் என்று அவரவர் தம் மொழிக்கு இட்ட பெயரைச் சொல்வதே மரியாதை.

கேள்வி: நாங்கள் செல்வது கிரேக்கத்தின் கோர்ஃபு தீவுக்கு. அங்கிருந்து கப்பலில் அல்பேனியா போய் வரும் ஒரு நாள் பயணம் எப்படி?

பதில்: மிக நல்ல பயணம். விரைவுப் படகில் அரை மணி அளவில் சரந்தா துறைமுகம் சேர்ந்து, அங்கிருந்து பேருந்தில் தெற்கே புத்ரிந்த் தொல்நகரத்துக்கு அழைத்துச் செல்வார்கள். 1992 முதல் யுனெஸ்கோ பட்டியலில் உள்ள இடம். கிரேக்கர், ரோமானியர், பைசாந்தியர், வெனிஸ்காரர் என்று அடுத்தடுத்து வந்தவர்களின் கட்டடங்கள் மரநிழலில் ஒன்றன் அருகில் ஒன்றாகக் கிடக்கின்றன. பழைய அரங்கத்தின் தரையில் நிலத்தடி நீர் தேங்கி நிற்க, நடிகர்கள் நின்ற இடத்தில் ஆமைகள் வெயில் காய்வதைப் பார்க்கலாம். கிரேக்கம் ஷெங்கன் நாடு, அல்பேனியா அன்று. ஆகவே மேலே விசாவைப் பற்றிச் சொன்னது இங்கும் பொருந்தும்.

முக்கியமான எச்சரிக்கை கடிகாரத்தைப் பற்றியது. அல்பேனியா கிரேக்கத்தைவிட ஒரு மணி நேரம் பின்னால் இருக்கிறது. போகும்போது ஒரு மணி நேரம் கிடைக்கும், திரும்பும்போது போய்விடும். சரந்தாவிலிருந்து புறப்படும் நேரம் அல்பேனிய நேரப்படியே சொல்லப்படும். எதிரிலேயே கோர்ஃபு தெரிவதால் கைபேசி சில இடங்களில் கிரேக்க அலைவரிசையைப் பிடித்துக் கடிகாரத்தை ஒரு மணி முன்னால் தள்ளிவிடும். சாதாரணக் கைக்கடிகாரம் ஒன்றைக் கட்டிக்கொண்டு, வழிகாட்டியின் நேரத்துக்கு அதைத் திருப்பி வையுங்கள்.

கேள்வி: வடக்கு மாசிடோனியாவின் ஸ்கோப்யேவில் தங்கி, ஒரு நாள் கொசோவோ சென்று, அங்கிருந்து அப்படியே செர்பியாவுக்குப் போகலாமா?

பதில்: அப்படியே போகாதீர்கள். கொசோவோ 2008-இல் தன்னை விடுதலை நாடாக அறிவித்தது. செர்பியா அதை ஏற்கவில்லை, இந்தியாவும் அங்கீகரிக்கவில்லை. செர்பியாவில் முன்பு நுழைந்திராமல் கொசோவோ வழியாக உள்ளே செல்வதைச் செர்பியா முறையற்ற நுழைவாகக் கருதுகிறது. ஸ்கோப்யேவுக்கே திரும்பி, அங்கிருந்து நேராகச் செர்பியாவின் எல்லைக்குச் செல்லுங்கள்.

கேள்வி: குரோஷியாவில் வாங்கிய சிம் அட்டை மாண்டினெக்ரோவில் வேலை செய்யுமா?

பதில்: இணைப்புக் கிடைக்கும், ஆனால் ஐரோப்பிய ஒன்றியத்துக்கு மட்டுமான திட்டம் என்றால் இணையத்துக்குத் தனிக் கட்டணம் விழலாம். வாங்கும்போதே நாடுகளின் பட்டியலைக் கேட்டுப் பாருங்கள். பட்டியலில் மாண்டினெக்ரோ இல்லையென்றால் எல்லைக்கு முன்பே வெளிநாட்டு இணைய இணைப்பை அணைத்துவிட்டு, பேருந்து நிற்கும் இடத்தையும் புறப்படும் நேரத்தையும் ஒரு தாளில் எழுதிச் சட்டைப் பையில் வைத்துக்கொள்ளுங்கள்.